இரட்டைப் பின்னல்

மெதினே தன் பக்கத்து முனைகளைக் கைவிட்டாள். வெள்ளைப் பெட்சீற்றின் ஒரு பாதி கௌசலாவின் கையில் தொங்க, மறுபாதி சீமெந்துத் தரையில் விழுந்தது. கியூபெக்கின் லாசாலில் இருக்கும் அந்த லோண்டரியில் இருவரும் சில வருடங்களாக எதிரெதிரே நின்று ஆஸ்பத்திரி விரிப்புகளை மடிக்கிறார்கள். இயந்திரத்துக்குள் போகாத, ஓரம் கிழிந்த, அளவு மாறிய விரிப்புகளெல்லாம் இவர்களுடைய மேசைக்குத்தான் வரும். முனையைப் பிடித்து இழுத்து, நடந்து வந்து, ஒருத்தியின் விரலிலிருந்து மற்றவள் வாங்கவேண்டும். பேசாமலே நடக்கிற வேலை. மெதினேக்குக் கை தவறி கௌசலா பார்த்ததேயில்லை.

"ரொஜின் பெர்லினில் இல்லை," என்றாள் மெதினே.

இருவருக்கும் பொதுவாக இருந்தது ஃபிரெஞ்சு மட்டும். அரசாங்க வகுப்பில் படித்த ஃபிரெஞ்சு. டாக்குத்தரிடம் நோவைச் சொல்லவும், பஸ் எத்தனை மணிக்கு என்று கேட்கவும் போதுமானது. கௌசலா அவளைப் பிறேக் எடுக்கும் அறைக்குக் கூட்டிப்போனாள். மெதினே போனை மேசையில் வைத்து ஒரு படத்தைக் காட்டினாள்.

மணல் நிறச் சுவருக்கு முன்னால் நாலைந்து பெண்கள். எல்லோரும் பச்சை உடுப்பு, தோளில் துவக்கு. நடுவில் நின்ற அவளுடைய மகள் ரொஜின் சிரித்துக்கொண்டிருந்தாள். இலையுதிர்காலத்தில், பல்கலைக்கழகத்தில் ஒரு தவணை ஜெர்மனியில் படிக்கப் போவதாகச் சொல்லி விமானம் ஏறியவள். அவள் சிரியாவின் வடக்கில், குர்திஷ் பெண்களின் படையில் இருந்தாள். மார்கழிக் கடைசியில் அவளே இந்தப் படத்தை அனுப்பி, 'அம்மா, பொய் சொன்னதற்கு மன்னித்துவிடு' என்று எழுதியிருந்தாள். மெதினே அதை ஒருவருக்கும் காட்டியிருக்கவில்லை. அதற்குப் பிறகு புது வருடம் பிறந்ததும் அலெப்போவில் மீண்டும் சண்டை தொடங்கியது. நேற்றிலிருந்து அவளுடைய போன் வேலை செய்யவில்லை.

கௌசலா படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தாள். மற்றப் பெண்கள் ஒற்றைப் பின்னலைத் தோளில் விட்டிருந்தார்கள். ரொஜினுடைய தலைமயிர் மட்டும் இரண்டாகப் பின்னி, மேலே மடித்து, பிடரியில் குறுக்கும் மறுக்குமாகக் குத்தியிருந்தது. மெதினேக்கு அது ஏதோவொரு தலையலங்காரம். அந்தப் பின்னலை ரொஜினுக்குப் பின்னிக் காட்டியது அவள்தான்.

"உன்மேல் அவளுக்கு மரியாதை," என்றாள் மெதினே. "நீ போனாய். நீ திரும்பி வந்தாய். நீ சொன்னால் கேட்பாள். ஒரு குரல் அனுப்பு. வரச் சொல்லு." பிறகு கௌசலாவின் தோளில் நெற்றியை வைத்து, "நீ அவளுக்கு நல்லவளாக இருந்தாய்," என்றாள்.

பின்னலைப் பற்றி அப்போதே கௌசலா சொல்லியிருக்கலாம். மணி அடித்தது. இருவரும் மேசைக்குப் போய் மிச்ச விரிப்புகளை மடித்தார்கள்.

அது போன பனிக்காலத்தில் தொடங்கியது. வேலை முடிந்து தாயைக் கூட்டிப்போக ரொஜின் காரில் வருவாள். வழியில் கௌசலாவையும் இறக்கிவிடுவாள். ஒருநாள் கௌசலா கையுறையைக் கழற்றிச் சட்டைக் கையை மேலே இழுத்தபோது முழங்கைக்குக் கீழே இருந்த நீளமான தழும்பை ரொஜின் காரின் கண்ணாடியில் பார்த்துவிட்டாள். மெதினே குர்திஷில் ஏதோ சொன்னாள். துணி மடிக்கும்போது கௌசலா எப்போதோ சொன்னதைத்தான் சொல்லியிருப்பாள்: எங்கள் நாட்டுச் சண்டையில் நானும் இயக்கத்தில் இருந்தேன். ரொஜின் காரை ஓரமாக நிறுத்திவிட்டுத் திரும்பி அவளைப் பார்த்தாள். பதினாறு வருடக் கலியாண வாழ்க்கையில் யோகராசா ஒருதடவைகூட அந்தத் தழும்பை அப்படிப் பார்த்ததில்லை. வெயிலில் போகும்போது நீளக்கைச் சட்டை போடச் சொல்வான். மகள் துவாரகா அது சின்ன வயதில் மரத்திலிருந்து விழுந்த காயம் என்று நினைத்துக்கொண்டிருக்கிறாள். அப்படித்தான் அவளுக்குச் சொல்லியிருந்தார்கள்.

அதன்பிறகு ஞாயிற்றுக்கிழமைகளில் ரொஜின் வரத் தொடங்கினாள். அரசியல் படிக்கிற பிள்ளை. தன் சனத்தின் கதையை அவள் சொல்லும்போது கௌசலாவுக்குப் பாதிதான் விளங்கும். முதலாம் உலக யுத்தம் முடிந்தபோது ஒரு காகிதத்தில் தருவதாகச் சொன்ன நாடு, மூன்று வருடத்தில் இன்னொரு காகிதத்தில் இல்லாமல் போனது. நாலு நாடுகளுக்குள் பிரிந்துபோன சனம். ஒரு நாட்டில் விஷவாயு அடித்துக் கொன்றார்கள். இன்னொன்றில் அவர்களுடைய மொழியைப் பேசத் தடை. மெதினேயின் ஊரை ராணுவம் எரித்தபோது அவளுக்குப் பதினான்கு வயது. அவளுடைய அண்ணன் போராட மலைக்குப் போனான்; திரும்பவில்லை. "அம்மா இதையெல்லாம் எனக்குச் சொன்னதே இல்லை. நான் புத்தகத்தில் படித்துவிட்டு வந்து கேட்டால் அழுவாள்," என்றாள் ரொஜின். "நீங்கள் சொல்லுங்கள், ஹெவால் கௌசலா." ஹெவால் என்றால் தோழர்.

கௌசலா சொன்னாள். துவக்கோடு பெண்கள் வரிசையாக ஊருக்குள் நடந்து போனபோது, முன்பு சைக்கிளில் துரத்திக் கிண்டலடித்த பொடியன்கள் ஒதுங்கி நின்றதைச் சொன்னாள். வாகரைக் காட்டுக்குள் மழையில் ஒரே தறப்பாளுக்குக் கீழே ஏழு பேர் நித்திரைகொண்டதைச் சொன்னாள். கூட இருந்த அக்னெஸ் பாடினால் சென்றியில் காவல் நிற்கிறவளும் திரும்பிப் பார்ப்பாள் என்பதைச் சொன்னாள். சொல்லச் சொல்ல அவளுடைய ஃபிரெஞ்சு தானாகத் திறந்தது. தைரியம், தோழிகள், மழை, பாட்டு என்று அவளுக்குத் தெரிந்த சொற்களெல்லாம் அதற்குப் பொருந்தி வந்தன. தன்னை இயக்கம் கொண்டுபோன விதத்தைச் சொல்ல அவளிடம் சொல் இருக்கவில்லை. அப்படித்தான் அவள் தன்னையே சமாதானப்படுத்திக்கொண்டாள். ஆனால் அகராதி போனுக்குள் இருந்தது, அவள் தேடவில்லை. தேடியிருந்தால் அந்தப் பிள்ளையின் முகத்தில் இருந்த வெளிச்சம் போயிருக்கும். அந்த வெளிச்சம் கௌசலாவுக்கு வேண்டியிருந்தது.

ஒரு ஞாயிறு, "சண்டையில் தலைமயிரை என்ன செய்வீர்கள்?" என்று ரொஜின் கேட்டாள். கௌசலா அவளைத் தரையில் இருத்தி, எண்ணெய் பூசி, இரண்டாகப் பின்னி, மடித்துக் குத்திவிட்டாள். அறைக்குள்ளிருந்து தண்ணீர் எடுக்க வந்த துவாரகா காதில் மாட்டியதைக் கழற்றாமல் இருவரையும் கொஞ்சநேரம் பார்த்துவிட்டுப் போனாள்.

போன ஆடி மாதம் மெதினே வேலைக்கு ஒரு பெட்டி இனிப்புக் கொண்டுவந்தாள். ஈராக்கின் மலையடிவாரத்தில் குர்திஷ் போராளிகள் ஆணும் பெண்ணுமாக வரிசையில் வந்து, பெரிய கொப்பரையில் துவக்குகளை வைத்து எரித்தார்களாம். துருக்கியோடு நடத்திய நாற்பது வருடப் போராட்டத்தை நிறுத்துகிறோம் என்று அறிவித்தார்களாம். "முடிந்தது, கௌசலா. என் மகள் தப்பிவிட்டாள்," என்று எல்லோருக்கும் இனிப்பு நீட்டினாள். அந்த ஞாயிறு ரொஜின் வந்தபோது அவளுடைய முகம் இறுகியிருந்தது. "துருக்கியில்தான் முடிந்தது. சிரியாவில் முடியவில்லை. துவக்கைக் கீழே வைத்த உங்களுக்கு என்ன கிடைத்தது?" என்று கேட்டாள். கௌசலா தேத்தண்ணி ஊற்றப் போய்விட்டாள். அது ஒரு கேள்வி மட்டுமில்லை என்று அப்போதே அவளுக்குத் தெரியும்.

மெதினே காட்டிய படத்தைப் பார்த்துவிட்டு வீட்டுக்கு வந்த கௌசலா, குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு போனில் பேசிப் பதிந்து பார்த்தாள். 'ரொஜின், நான் கௌசலா. திரும்பி வா. அம்மா அழுகிறாள்.' கேட்டுப் பார்க்க வெட்கமாக இருந்தது. அழித்தாள். மறுபடி பேசினாள்; மறுபடி அழித்தாள். அந்தச் சின்ன ஃபிரெஞ்சு ஒரு பிள்ளையைத் திருப்பாது. முழுதையும் சொல்லவேண்டும், அதைத் தமிழில்தான் சொல்ல முடியும். சொன்னதை ஃபிரெஞ்சில் மாற்ற இந்த வீட்டில் ஒருத்திதான் இருக்கிறாள்.

யோகராசா சாப்பிட்டுக்கொண்டிருந்தான். விசயத்தைக் கேட்டதும் கையை உதறினான். "உனக்கென்ன விசரா? இருவது வருசமா மூடி வச்சத புள்ளைக்கிட்டத் துறக்கப் போறியா? அந்த இயக்கத்துட பேரச் சொன்னாலே இந்த நாட்டில பயங்கரவாதி. போன்ல பேசினது எங்க போகுமெண்டு ஆருக்குத் தெரியும்?"

"தெரியும்."

"மறுகா ஏன் சொல்லப் போறாய்?"

"அந்தப் புள்ளைக்கு நான் பாதியத்தான் சொன்னன். அந்தப் பாதியோடதான் அவ போயித்தா."

"அவ படிச்ச புள்ள. நீ சொல்லியா போனவ? அவளுக்கு அவள்ட காரணம்."

அதுவும் சரிதான். எரிந்த ஊரும், மலைக்குப் போன மாமனும், காகிதத்தில் இல்லாமல்போன நாடும் கௌசலா சொன்னவையல்ல. அப்படி நினைத்து ஒரு நிமிடம் ஆறுதலாக இருந்தாள். பிறகு மணல் நிறச் சுவரும் குத்திய பின்னலும் கண்ணுக்கு முன்னால் வந்தன.

சனிக்கிழமை துவாரகாவின் அறைக் கதவைத் தட்டினாள். "மனே, எனக்கொரு உதவி வேணும். நான் சொல்றத ஃபிரெஞ்சில சொல்லித் தரணும்."

"யாருக்கு? கியூபெக் ஒஃபிஸுக்கா?"

"இல்ல. ரொஜினுக்கு."

ஞாயிறு மத்தியானம் மெதினே வந்தாள். பூட்சைக் கழற்றி வாசலில் வைத்துவிட்டு, கோட்டைக் கழற்றாமலே சோபாவின் நுனியில் இருந்தாள். யோகராசா குசினி வாசலில் சாய்ந்து நின்றான். ரொஜினின் போன் இன்னும் வேலை செய்யவில்லை. ஆனால் அவளுடைய தோழி ஒருத்தி, அனுப்பினால் என்றாவது போய்ச் சேரும் என்று சொல்லியிருந்தாளாம். துவாரகா நடுவில், பதிவுப் பொத்தானை அழுத்தியபடி தாயின் போனை வாய்க்குக் கிட்டப் பிடித்துக்கொண்டு இருந்தாள். அவளுக்குப் பதினைந்து வயது. கௌசலா அதை அன்றைக்குத்தான் யோசித்தாள். தன்னைக் கொண்டுபோனதும் பதினைந்தில்தான்.

"ரொஜின், நான் உனக்குப் பாதிக் கதைதான் சொன்னன்," என்று தொடங்கினாள். துவாரகா அதை ஃபிரெஞ்சில் சொன்னாள். சுலபமாக, அழகாகச் சொன்னாள்.

"நான் இயக்கத்துக்குப் போகல்ல. என்னைக் கொண்டு போனவங்க. கோயில் திருவிழாவால வரக்குள்ள, ரோட்டில வச்சு, ட்ரக்டர்ல."

துவாரகா தாயைத் திரும்பிப் பார்த்தாள். "அம்மா?"

"சொல்லு மனே."

அவள் சொன்னாள். குரல் கொஞ்சம் மெதுவாகிவிட்டது.

"எங்கம்மா திரேசம்மா ட்ரக்டருக்கு முன்னால ரோட்டில படுத்தவ. அவவத் தூக்கி ஓரத்தில போட்டுத்துப் போனவங்க. மொதல் நாளே எங்கட தலமயிரக் கத்தியால வெட்டினவங்க, ஓடினா ஊருக்குத் தெரியட்டுமெண்டு. பேந்து வளந்தாப் பிறகுதான் அந்தப் பின்னல். நான் உனக்குப் பின்னலக் காட்டினன், வெட்டினதச் சொல்லல்ல."

துவாரகா சொல்லி முடித்தபோது மெதினே நிமிர்ந்தாள். ஃபிரெஞ்சு அவளுக்கு விளங்கும். பின்னல் என்ற சொல்லும் விளங்கியது. பையிலிருந்து தன் போனை எடுத்து அந்தப் படத்தைத் திறந்து பார்த்தாள். நீண்டநேரம் பார்த்தாள்.

கௌசலா நிறுத்தவில்லை. நிறுத்தினால் திரும்பத் தொடங்க முடியாது என்று தெரிந்தது. "அக்னெஸ் எண்டு சொன்னனே, பாடுறவ. அவ செத்தது ஆமி சுட்டு இல்ல. இயக்கம் ரெண்டாப் பிரிஞ்சு, வெருகல் ஆத்தங்கரையில எங்கடாக்களே எங்களச் சுட்டவங்க. அங்கால நிண்டதும் எங்கள மாதிரிப் புள்ளையள்தான். அதே பின்னல். நானும் சுட்டன். ஆரில பட்டதெண்டு எனக்குத் தெரியா. இண்டைக்கும் தெரியா."

இயக்கம் இரண்டாகி ஒருவரையொருவர் சுட்டார்கள் என்பதுவரை துவாரகா ஃபிரெஞ்சில் சொல்லிவிட்டு நிறுத்தினாள். "எங்கடாக்களே எண்டா... அத எப்படிச் சொல்றது?" என்று கேட்டாள்.

"பிராகுஜி," என்றாள் மெதினே. எல்லோரும் அவளைப் பார்த்தார்கள். தெரிந்த ஃபிரெஞ்சில், ஒவ்வொரு சொல்லாக, துவாரகாவுக்குச் சொன்னாள்: "எங்களிடமும் நடந்தது. ஈராக்கில். இரண்டு கட்சி, இரண்டும் குர்திஷ். சகோதரனைச் சகோதரன் கொல்வது. அதற்கு எங்களிடம் ஒரு சொல் இருக்கிறது. பிராகுஜி. அப்படியே சொல்லு. அவளுக்கு விளங்கும்."

துவாரகா அப்படியே சொன்னாள்.

மெதினே எழுந்தாள். கௌசலா அவளுடைய முகத்தைப் பார்க்கத் துணிந்தாள். அதில் கோபம் இருந்ததா என்று தெரியவில்லை. கோபம் இருந்திருந்தால் நல்லது என்று நினைத்தாள். "நீ அவளுக்குப் பின்னினாய்," என்றாள் மெதினே. "எட்டு வயதுக்குப் பிறகு அவள் தலையைத் தொட என்னை விடவில்லை." அவ்வளவுதான். யன்னலுக்குப் போய், இவர்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றாள். போய்விடவில்லை.

வா என்று சொல்லவேண்டிய இடம் அதுதான். வந்த பிறகு இருக்கப்போகும் வாழ்க்கை என்ன என்று அந்தப் பிள்ளை கேட்டால் எதைக் காட்டுவது? விரிப்பு மடிக்கிற கைகளையா, நீளக்கைச் சட்டையையா? திரும்பி வந்தவள் என்று மெதினே நம்புகிற ஒருத்தி உண்மையில் முழுதாகத் திரும்பி வந்தாளா? கௌசலா தன் கைகளைப் பார்த்துக்கொண்டு இருந்தாள். யோகராசா குசினி வாசலிலிருந்து ஓரடி எடுத்து வைத்து, பிறகு நின்றுவிட்டான்.

துவாரகா காத்திருந்தாள். போனின் திரையில் நொடிகள் ஓடிக்கொண்டிருந்தன. தாயிடமிருந்து இனி ஒன்றும் வராது என்று கண்டதும், போனை இன்னும் கிட்டப் பிடித்து, தாய் சொல்லாத ஒன்றை ஃபிரெஞ்சில் சொன்னாள். மெதுவாகத்தான் சொன்னாள், ஆனாலும் கௌசலாவுக்கு ஒவ்வொரு சொல்லும் விளங்கியது.

"நான் அவளுடைய மகள். எனக்கும் இது இன்றைக்குத்தான் தெரியும்."

சொல்லிவிட்டு, அழுத்திய விரலை எடுக்க மறந்துபோய் இருந்தாள். கீழே தெருவில் பனி அள்ளும் லொறிகளுக்கு முன்னால் வரும் வண்டி, நிறுத்திய கார்களை எடுக்கச் சொல்லி சைரனை ஊதிக்கொண்டு வந்தது. யன்னலில் நின்ற மெதினே கண்ணாடியில் உள்ளங்கையை ஊன்றினாள். ஊளைச் சத்தம் தூரத்திலிருந்து ஏறி, வீட்டுக்கு நேரே கீழே வந்து, போனுக்குள்ளும் போய்க்கொண்டிருந்தது.