டாக்டரின் முதுகு

மடிக்கணினியை என் சாப்பாட்டு மேசையில் வைத்து, டாக்டரின் மகள் அதே காட்சியை மூன்றாவது முறையாக ஓட்டினாள். திரையில் முப்பது வயது நான், கட்டிலோரம் நின்று அழுதுகொண்டிருந்தேன். எனக்கு எதிரே வெள்ளைக் கோட்டு போட்ட ஒரு முதுகு.

"அப்பா எப்போ சித்தப்பா இந்தப் பக்கம் திரும்புவார்?" என்றாள்.

திரும்பமாட்டார் என்று எனக்குத் தெரியும். காரணமும் தெரியும். டீ போடட்டுமா என்று கேட்டேன்.

டாக்டர் என்றால் நிஜ டாக்டர் இல்லை. தொலைக்காட்சி புதிதாய் வந்த காலத்தில் முப்பத்தோரு தொடர்களில் நடித்தவர். பத்தொன்பதில் டாக்டர், மீதியில் நீதிபதி, தபால்காரர், இரண்டு முறை பிணம். மூன்று வசனம்தான் தருவார்கள். அதை எழுதியவனே வாயைப் பிளக்கும்படி சொல்வார். கெட்ட செய்தி சொல்லுமுன் பேனாவின் மூடியை மெல்ல மூடுவார். அவ்வளவுதான், வீட்டுக்கு வீடு மூக்கை உறிஞ்சும். தெருவில் அவரை மறித்து நாக்கை நீட்டிக் காட்டியவர்கள் உண்டு. அவரும் பொறுமையாகப் பார்த்துவிட்டு, "தண்ணி நிறைய குடிங்க" என்பார். நானோ கதாநாயகன். அப்போது எனக்கு முடி இருந்தது. வேறு தகுதி எதுவும் நினைவில்லை.

தொலைக்காட்சி நிலையத்தில் டேப்புக்குப் பஞ்சம். பழைய தொடர்களின் மேலேயே வானிலை அறிக்கையைப் பதிந்து தள்ளிவிட்டார்கள். அவர் நடிப்பை விட்ட பிறகு பிறந்தவள் இவள். போன வருடம் அவர் போன பின், எட்டு மாதம் நிலையத்துக்கு நடையாய் நடந்து மீட்டது இந்த ஒரே ஒரு பகுதியைத்தான். அப்பா நடித்து அவள் பார்த்ததே இல்லை.

டைரக்டர் ஸ்டைல்மா அது, என்று அளந்துவிட வாயெடுத்தேன். வாயில் வந்தது வேறு.

"முகம் தெரியாததுக்கு நான்தான் காரணம்."

அப்போதெல்லாம் வெட்டி ஒட்டும் வசதி கிடையாது. நடுவில் ஒருவர் தடுமாறினால் அரை மணி நேரமும் முதலிலிருந்து. அன்று நான் ஏழு முறை தடுமாறினேன், ஒரே இடத்தில். அந்தக் காட்சியில்தான் டாக்டரின் முகத்தருகே, அவர் வாழ்நாளிலேயே முதல்முறையாக, கேமரா வருவதாக இருந்தது. எட்டாவது முறைக்கு முன் அவரே என்னைத் தனியே தள்ளிக்கொண்டு போனார்.

"தம்பி, உங்க வசனத்த எழுதி என் சட்டையில ஒட்டிடுங்க. நான் கேமராவுக்கு முதுகக் காட்டி நின்னுக்கறேன். தலையக் குனிஞ்சு படிச்சிட்டே போங்க, துக்கம்னு நினைச்சுக்குவாங்க."

"உங்க க்ளோசப் போயிடுமேண்ணே?"

"எல்லாரும் வீட்டுக்குப் போகணும்ல."

நான் சொல்லி முடித்ததும் அவள் சிரித்துவிட்டாள். "அப்போ ஊரே மெச்சின அந்தக் குனிஞ்ச தலை..."

"பரீட்சையில காப்பியடிச்ச தலைம்மா."

"அழுகை?"

"வசனம் தீர்ந்து நிமிர்ந்தேன். எதிர்ல அவர் முகம். கேமரா பார்க்காதுன்னு தெரிஞ்சும் அந்த மனுஷன் ஒரு துளிகூடக் குறைச்சுக்கல. நான் எங்க நடிச்சேன்? நிஜமாவே அழுதுட்டேன்."

அந்த அழுகைக்குக் கொடுத்த விருது அவள் தலைக்கு மேலே அலமாரியில் இருந்தது. நல்லவேளை, அவள் நிமிர்ந்து பார்க்கவில்லை. காட்சியை நிறுத்தினாள்.

"அப்ப அந்த முகத்தப் பார்த்தது நீங்க ஒருத்தர்தான்."

"ஆமா."

"செஞ்சு காட்டுங்க சித்தப்பா."

"எனக்கு நடிக்க வராதும்மா."

"தெரியும். அப்பா சொல்லியிருக்கார்."

நாற்காலியை என் பக்கம் திருப்பிப் போட்டு, கன்னத்தில் கையை ஊன்றிக்கொண்டாள். அவளுக்குப் பின்னால், திரையில் வெள்ளைக் கோட்டு அசையாமல் நின்றது. நான் கண்ணாடியைக் கழற்றி வைத்தேன். சட்டைப்பையிலிருந்து பேனாவை எடுத்துத் திறந்தேன். அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். மூடியை மெல்ல, அவர் மாதிரியே மெல்ல, மூடத் தொடங்கினேன்.