யோசேப்பு ஐயர் கம்பம்

ஓங்கிய கடப்பாரையைப் பைய இறக்கிவைத்துவிட்டு, பரமசிவன் செருப்பைக் கழற்றினார். பழைய மிஷனெரிக் கல்லறைகள் நிறைந்த பாளையங்கோட்டையின் கொத்தனார் அவர். சிமெண்டில் ஒரு வெள்ளைக்காரர் பெயரும் பிறந்த, இறந்த வருடங்களும் இருந்தால் அடியில் யார் படுத்திருப்பார் என்று அவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

“கல்லறை கெடக்கு அண்ணாச்சி. நான் தொடமாட்டேன்.”

சபைக் கமிட்டித் தலைவர் வேதமுத்து குனிந்து பார்த்தார். சர்ச் வளாகத்துக் கூடைப்பந்துக் கம்பத்தின் பீடத்தில் ஆணியால் கீறியிருந்தது: யோசிப் தாவ்ரான், 58 – 12. “யோசேப்புன்னு எழுதத் தெரியல பாத்தியா. ஆயிரத்து எண்ணூத்தி அம்பத்தெட்டு. மிஷனெரி ஐயருதாம்வே” என்றார். பீடம் போட்டே பதிமூன்று வருடம்தான் ஆகிறது என்பது அந்தப் பக்தியில் யாருக்கும் உறைக்கவில்லை.

மைதானத்தைப் பெயர்த்துவிட்டு, கல்யாண மண்டபத்துக்கு வருகிற கார்களை நிறுத்தப் போகிறார்கள். எப்சி டீச்சர் தான் பந்து பழக்குகிற பத்துப் பெண் பிள்ளைகளோடு ஓரமாக நின்றாள். இது போனால் அவர்களுக்கு வேறு மைதானம் கிடையாது.

கீறியவள் அவள்தான். கப்பலில் வேலை பார்த்த அண்ணன் ஜாஸ்பர் ஏதோ ஒரு ஐரோப்பியத் துறைமுகத்தில் வாங்கிவந்த கூடைப்பந்து வீடியோ கேசட்டில்தான் தாவ்ரானை முதலில் பார்த்தாள். அப்போது அவளுக்குப் பதினாலு வயது. சத்தம் வராத படம். மீன்பிடிக்காரர் மகனாம், கோப்பை கோப்பையாக ஜெயித்தவராம். இடது கையால் பந்தை விட்டு, அவர் மட்டும் இறங்க மறந்தவர் மாதிரி அந்தரத்தில் நிற்பார். பீச்சாங்கையால் எதைத் தொட்டாலும் அம்மா திட்டுகிற வீட்டில், எப்சிக்கு அந்தக் கை ஆசீர்வாதம் மாதிரி இருந்தது. இன்றைக்கும் கனவில் அவர் வருகிறார். இதே மைதானம், வேப்பம்பூ உதிர்ந்து கிடக்கும், அவர் வெறுங்காலோடு ஓடுவார். சத்தமே இருக்காது.

“எப்சி டீச்சர், நீங்கதான எந்நேரமும் இங்கனயே கெடக்கிய. இந்த ஐயரு இங்கனதான ஊழியம் செஞ்சாரு?” என்று வேதமுத்து கேட்டார்.

சும்மா தலையை ஆட்டினால் போதும். கம்பம் நூறு வருடம் நிற்கும், கிறிஸ்மசுக்குச் சுண்ணாம்பும் அடிப்பார்கள். ஆட்டிவிடத்தான் ஆசையாக இருந்தது. ஆனால் ஞாயிறு பள்ளியில் பொய்ச்சாட்சி சொல்லாதே என்று நடத்துகிறவளும் அவள்தானே. பிள்ளைகள் அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

“கல்லறை இல்ல அண்ணாச்சி. பந்து வெளையாடுன மனுசன், ரெண்டாயிரத்துப் பன்னெண்டுல செத்தாரு. நாந்தான் எழுதுனேன். இந்த ஊருக்கு அவரு வந்ததே இல்ல.”

வேதமுத்து முகம் சுண்டிப்போனது. “பின்ன எதுக்கு இங்கன பேரு?”

“சாகையில, எனக்குச் சிலை வைக்காதிய, புள்ளைகளுக்கு ஒரு வளையம் மாட்டுங்கன்னு சொன்னாராம். நான் ஒண்ணு மாட்டுனேன்.”

சொல்லிவிட்டு அழுதாள். பிள்ளைகளில் ஒருத்தி, ஸ்டெபி, அவளுக்கு என்ன தோன்றியதோ, பந்தை இரண்டு தட்டுத் தட்டி, இடது கையால் மேலே விட்டாள்.

வேதமுத்து அண்ணாந்தார். பரமசிவன் கடப்பாரையை எடுக்கவில்லை, செருப்பையும் போடவில்லை. பந்து வளையத்துக்கு மேலே, வெயிலில், இறங்காமல் நின்றது.