முப்பதில் பாதி

காலை இட்லிக்கு முன்னால் மனைவிக்கு இன்சுலின் போடுவது ஹரிநாராயணனின் வேலை. மூச்சுத்திணறல் வந்து வாலாம்பாளுக்குக் கை நடுங்கத் தொடங்கியபின் வந்த வேலை அது. அதற்கு முன் அவளே போட்டுக்கொள்வாள். அப்போது எவ்வளவு என்று அவர் கேட்டதில்லை. ஆனால் அவர் ஓய்வுபெற்ற பேங்க் மேனேஜர். திருவனந்தபுரம் கரமனையில் யார் கடன் வாங்கினாலும் வட்டிக் கணக்கை அவரிடம் கேட்பார்கள். கேட்காதவர்களுக்கும் வீடு தேடிப் போய்ச் சொல்லிவிட்டு வருவார்.

அன்று டாக்டர் போனில் சொன்னார்: "மூச்சுக்குக் கொடுத்த ஸ்டீராய்டு மாத்திரையை நிறுத்தியாச்சில்லே? அது சர்க்கரையை ஏத்தும்னுதான் இன்சுலினை ஐம்பது சதவீதம் கூட்டினோம். இனி பழைய அளவே போதும், கேட்டோ."

இப்போது போடுவது முப்பது யூனிட். ஐம்பது சதவீதம் கூட்டினதை ஐம்பது சதவீதம் குறைத்தால் போச்சு. ஊசிப் பேனாவைப் பதினைந்தில் திருகி வைத்தார்.

"ஏன்னா, பதினஞ்சா? நான் முன்னாடி..."

"முப்பதுல பாதி எவ்வளவுடீ? நோக்குக் கணக்கு தெரியுமா, நேக்குத் தெரியுமா?"

வாலாம்பாள் வாயை மூடிக்கொண்டாள். கல்யாணமான நாளிலிருந்து மூடிப் பழகின வாய்.

அவளுக்கு நாக்கு வறண்டது. "வெயில்" என்றார். எந்நேரமும் அசந்து படுத்தாள். "வயசு" என்றார். வாரம் முடிவதற்குள் வாந்தி எடுத்து, கூப்பிட்டால் கண் திறக்காமல் கிடந்தாள். ஆட்டோவில் அவள் தலையை மடியில் தாங்கிக்கொண்டு போனபோது, அவருக்குத் தெரிந்த எந்தக் கணக்கும் உதவிக்கு வரவில்லை.

சர்க்கரை நானூறைத் தாண்டியிருந்தது. "எதுக்குப் பதினஞ்சு போட்டீங்க?" என்றார் டாக்டர்.

"முப்பதுல பாதி..." சொல்ல வந்தவர் நடுவில் நின்றார். பாதி கூட்டியது முப்பதின்மேல் அல்ல. முப்பதாவதற்கு முன் இருந்ததன்மேல். அதோடு அதன் பாதியும் சேர்ந்துதான் முப்பது. அப்படியானால் பழையது இருபது. வட்டியும் முதலும் சேர்ந்த தொகையைச் சொல்லி முதலைக் கேட்டிருந்தால் தூக்கத்திலும் சொல்லியிருப்பார்.

மறுநாள் அவள் கண் திறந்தாள். "வாலா, இருபதுதானே?" என்றார்.

"ஆமா. அன்னிக்கே அதைத்தான் சொல்ல வந்தேன்."

அவள் குரலில் கோபமே இல்லை. அதுதான் அவரை அழவைத்தது.

சாயங்காலம் பக்கத்து வீட்டுப் பிச்சுமணி பார்க்க வந்தார். "டாக்டர் அளவைத் தப்பாச் சொல்லிட்டாராமே?"

"சரியாத்தான் சொன்னார், ஓய். தப்பு என்னுது. கணக்கு பிசகினதுகூடப் பெரிசில்லை. ஊசி போட்டுக்கறவளை வாய் திறக்க விடலை பாரும், அதுதான் பெரிய தப்பு. உம்மாத்துல யாருக்காவது மருந்துன்னா, அளவை அவாகிட்ட கேளும். டாக்டர்கிட்ட இன்னொருதரம் கேளும். மேனேஜர்கிட்ட மட்டும் கேட்காதேயும்."