பெரட்டில் சொன்ன வார்த்தை

தேயிலைத் தோட்டத்தில் வேலை பிரித்துக் கொடுக்கும் காலைப் பெரட்டுக்கு ஆட்கள் கூடுமுன்பே வேலையை மேற்பார்க்கும் கண்டாக்கையா ஜீவராஜ் தண்ணீர்த் தொட்டியடிக்குப் போய்விடுவார். அன்றும் போனார். இரும்புக் கதவில் ஒட்டியிருந்த நீதிமன்றக் கட்டளையைப் பார்க்காதவர் போலப் பூட்டைத் திறந்து, சுற்றுலாக்காரர் தங்கும் பங்களாவுக்குத் தண்ணீரைத் திருப்பிவிட்டார். தொழிலாளர் வீட்டு வரிசையான லயத்துக்குப் போகும் வால்வு மூடிக் கிடந்தது, அதைத் தொடவில்லை. லயத்துச் சனம் போட்ட வழக்கு முடியும்வரை லயத்துக் குழாயை மூடக்கூடாது என்று ஹட்டன் நீதிமன்றம் சொல்லிப் பல நாளாகிவிட்டது.

கீழே ராக்காயி குடத்தோடு நின்றாள். ஜீவராஜ் பிறந்த அதே லயத்துக்காரி. கண்டாக்கு ஆன பிறகும் அவரைத் தம்பி என்று கூப்பிடுகிறவள் அவள் ஒருத்திதான்.

"தம்பி, கோர்ட்டே சொல்லிருச்சேப்பா. இன்னும் ஆத்துக்கு எறங்க வைக்கிறியே. பாறையெல்லாம் வழுக்குது."

"தொர சொல்லட்டும்க்கா, தொறந்துடுறேன்."

தோட்டத்தை நிர்வகிக்கும் துரை சொல்லத்தான் செய்தார், பெரட்டில் எல்லார் முன்னாலும். "கோர்ட் ஆயிரம் சொல்லும். நான் சொல்ற வரைக்கும் வால்வு மூடியே கெடக்கணும்." தோட்டத்தில் பெரட்டில் சொன்னால் சொன்னதுதான், எழுதிக் கொடுங்கள் என்று யாரும் கேட்டதில்லை. துரை சொன்ன பிறகு தனக்கென்ன வந்தது என்று ஜீவராஜ் நிம்மதியாகத் தேத்தண்ணி குடித்தார். பாவி மனுசன்.

அந்த வாரமே ராக்காயி ஆற்றுப் பாறையில் வழுக்கி விழுந்து செத்துப்போனாள். சேதி கேட்ட ஜீவராஜ் தொட்டியடிக்கு ஓடி, யாரையும் கேட்காமல் வால்வைத் திறந்தார். லயத்துக் குழாயில் வந்த முதல் தண்ணீரில் அவள் பிணத்தைக் குளிப்பாட்டினார்கள்.

நீதிமன்ற அவமதிப்பு விசாரணையில் துரை கொஞ்சமும் கூசாமல், தான் அப்போதே திறக்கச் சொன்னதாகவும் கண்டாக்குதான் செய்யவில்லை என்றும் சொன்னார். அது பொய் என்று காட்ட ஜீவராஜுக்குச் சாட்சி வேண்டும். பெரட்டில் அந்த வார்த்தையைக் கேட்டவர்கள் லயத்துச் சனம். அவர்களை எந்த முகத்தோடு சாட்சிக்குக் கூப்பிடுவது?

ராக்காயியின் மகள் லோஜினி சாட்சிக்கூண்டில் ஏறினாள். "தொர பொய் சொல்றாருங்க. தொறக்க வேணாம்னு அவரு சொன்னத நானே கேட்டேன்."

ஜீவராஜுக்கு மூச்சு வந்தது. அவள் இன்னும் முடிக்கவில்லை.

"ஆனா கோர்ட்டு சொன்னத இவரும் தெனம் கதவுல பாத்தாருங்க. அம்மா கெஞ்சிக் கேட்டுச்சு, தொர சொல்லட்டும்னாரு. அம்மாவக் குளிப்பாட்டத் தொறந்தாரே, அன்னைக்கு எந்தத் தொரயக் கேட்டாரு?"

அது உண்மையா என்று நீதிபதி கேட்டார். "உண்மைங்கய்யா" என்றார் ஜீவராஜ். துரைக்கும் அவருக்கும் சிறைத் தண்டனை விழுந்தது.

வெளியே தோட்டத்து உத்தியோகத்தர்கள் தலைகுனிந்து நின்றார்கள். சிறைக்குக் கொண்டுபோகும் வழியில் ஜீவராஜ் அவர்கள் முன்னால் நின்றார்.

"தொர பேச்ச மீறியிருந்தா எனக்கு வேலதான் போயிருக்கும். கோர்ட்டு பேச்ச மீறுனேன், அக்கா உசுரு போயிருச்சு. நீதிமன்றம் ஒண்ணச் சொன்னா அது தொரைக்கும்தான், நமக்கும்தான். தெரிஞ்சே மீறுனவன், யாரு ஏவுனாலும் குத்தவாளிதான்."