தாமதமாக வந்த குண்டு

போரில் தையல்காரரைக் குறிவைத்துச் சுட்ட குண்டு, போர் முடிந்து ஏழு வருஷம் கழித்து, ஒரு செவ்வாய்க்கிழமை காலை அவருடைய தெருவுக்கு வந்து சேர்ந்தது. நெஞ்சளவு உயரத்தில், எறும்பு வேகத்தில், யார்மீதும் இடிக்காமல் வந்தது. பால்காரர் சைக்கிளை ஒதுக்கி வழிவிட்டார்.

தன்னைத் தேடி ஒரு குண்டு வந்துகொண்டிருக்கிறது என்ற தையல்காரரின் பேச்சை அதுவரை ஒருவரும் நம்பவில்லை. படையிலிருந்து திரும்பிய நாள் முதல் மிஷினைச் சுவரோரம் போட்டு, வாசலைப் பார்த்தபடியேதான் தைத்தார். குக்கர் விசிலடித்தால் வெட்டு மேஜைக்கு அடியில் இருப்பார். துணி கொடுக்க வந்தவர்களைக் கையைத் தூக்கி நிற்கச் சொன்னார். அளவெடுக்கத்தான் என்று அவர்களும் நின்றார்கள். தூக்கம் கட்டிலுக்கு அடியில். அவர் "குண்டு வருது!" என்று கத்தும்போதெல்லாம் மனைவி இன்னொரு தட்டை எடுத்து வைத்தாள். அவளுடைய அண்ணனை ஊரே குண்டு என்றுதான் கூப்பிட்டது. அந்த மனிதரும் சாப்பாட்டு நேரம் தவறாதவர். பெரும்பாலும் தட்டு வீணாகவில்லை.

ஆனால் பொறுமைக்கும் ஓர் எல்லை உண்டு. கட்டிலில் தனியாகப் படுத்துப் படுத்து அலுத்துப்போன அவள் அன்று பெட்டியைக் கட்டிவிட்டாள். "நீங்க கட்டிலுக்கு அடியிலயே குடித்தனம் பண்ணுங்க, நான் அண்ணன் வீட்டுக்குப் போறேன்" என்றாள். கூட்டிப்போக வந்த அண்ணன் வாசலை அடைத்துக்கொண்டு நின்றார். அவர் முதுகுக்குப் பின்னால் வந்த குண்டு, போக வழியில்லாமல் காத்து நின்றது.

"மச்சான், நகருங்க! குண்டு நிக்குது!"

"என்னைத்தானே சொல்றீங்க?" என்று அவர் கோபித்துக்கொண்டு உள்ளே வந்தார். குண்டும் நிதானமாகப் பின்னாலேயே வந்தது.

தையல்காரர் தேம்பித் தேம்பி அழுதார். பயத்தில் இல்லை, தனக்குப் பைத்தியம் பிடிக்கவில்லை என்று தெரிந்த சந்தோஷத்தில். மனைவி குண்டைச் சுற்றி வந்து பார்த்தாள். "வர்றதுதான் வர்றே, கொஞ்சம் முன்னாடியே வந்து தொலைச்சிருக்கக் கூடாதா? இந்த மனுஷனை நான் என்னவெல்லாம் பேசிட்டேன்" என்று அதைத் திட்டிவிட்டுப் பெட்டியை அவிழ்த்தாள்.

குண்டு இன்னும் அந்த வீட்டில்தான் இருக்கிறது. வீட்டுக்குள் வேகம் இன்னும் குறைந்து, அறையைக் கடக்க அதற்கு விடிய விடிய ஆகும் என்பதால், படுக்கும் முன் மனைவி கட்டிலை எதிர்ச்சுவருக்கு இழுத்துப் போடுகிறாள். அவர் கட்டிலின் மேலேயே, அவள் பக்கத்தில் படுத்துக் குறட்டை விடுகிறார். பகலில் குண்டின்மேல் அளவு நாடாவைத் தொங்கவிடுகிறார். சாப்பாட்டு நேரத்தில் அவர் "குண்டு வருது" என்று குரல் கொடுத்தால், அடுப்படியிலிருந்து "எந்தக் குண்டு?" என்று கேட்கிறாள்.

"சாப்பிடற குண்டு."

அவள் இன்னொரு தட்டை எடுத்து வைக்கிறாள்.