சுசிலா போன பாட்டு

யேசுரட்ணத்துக்குக் கன்ட்ரி பாட்டுப் பைத்தியம் பிடித்தது லண்டனுக்கு வந்த பிறகுதான். பழைய சாமான் கடையொன்றில் ஒரு கிட்டாரும், யாரோ கழித்துவிட்ட கௌபாய் தொப்பியும் வாங்கிவந்தார். பகலில் ரயில் நிலையத்தில் டிக்கெட் பார்ப்பார். மிச்ச நேரமெல்லாம் பாட்டு எழுதுவார். அமெரிக்க மாட்டுப் பண்ணைக்காரரின் ராகத்தில் நல்ல யாழ்ப்பாணத் தமிழைப் போட்டுப் பாடினால் உலகமே திரும்பிப் பார்க்கும் என்று நம்பினார்.

அவருடைய மனைவி சுசிலாவுக்கு ஒன்றுதான் விளங்கவில்லை. எல்லாப் பாட்டிலும் ஏன் ஏதாவது தொலைந்துபோகிறது? முதல் பாட்டில் நாய் செத்தது. நோர்பரியில் அவர்கள் வீட்டில் நாயே கிடையாது. அடுத்ததில் லொறி நடுவழியில் நின்றது. அவர்களிடம் இருந்ததோ ஒரு டொயோட்டா கார், அது ஒருநாளும் மக்கர் பண்ணியதில்லை. இனித் தொலைவதற்கு வீட்டில் மிச்சமிருந்தது மனைவிதான்.

சுசிலா ஒரு முதியோர் இல்லத்தில் நைட் ஷிப்ட் செய்தாள். அவள் இல்லாத நேரத்தில்தான் அந்தப் பாட்டு பிறந்தது. வெம்பிளியில் பாஸ்கரன் வைத்திருந்த சின்ன ஸ்டூடியோவில் பதிவாகி, சீடியாகி, தமிழ் ரேடியோவுக்கும் போய்விட்டது. அவள் அதை முதன்முதல் கேட்டது மீன் கடையில்.

‘போயிட்டாள் சுசிலா போயிட்டாள்
புழுதி றோட்டில போயிட்டாள்...’

மீன் வெட்டிக்கொண்டிருந்தவர் கத்தியை வைத்துவிட்டு அவளையே பார்த்தார். பிறகு பையில் இரண்டு மீன் கூடப் போட்டார்.

வீட்டுக்கு வந்ததும் கேட்டாள்.

“ஏனப்பா என்ர பேரைப் போட்டனீங்கள்?”

“மெட்டுக்கு மூண்டு எழுத்து வேணும். கனகாம்பிகை எண்டு போட்டால் தாளம் விழுந்துபோம்.”

“நோர்பரியில புழுதி றோட்டு எங்க கிடக்கு? போறதெண்டாலும் நான் நூற்றொன்பது பஸ்சிலதான் போவன்!”

“உமக்குக் கலை விளங்காது” என்றார் யேசுரட்ணம்.

சனத்துக்கு நன்றாகவே விளங்கியது. அடுத்த சனிக்கிழமை அவர்களுடைய கோயில் போதகர் தன் மனைவியோடும் சோற்றுப் பார்சலோடும் வந்து கதவைத் தட்டினார். திறந்தது சுசிலா.

“தோத்திரம்! தங்கச்சி, திரும்பி வந்திட்டியள்!”

“நான் எங்கயும் போகேல்லை ஐயா.”

“ஓம் ஓம், நடந்ததை இனிக் கதைக்கத் தேவையில்லை” என்று போதகர் அங்கேயே கண்ணை மூடி ஜெபிக்கத் தொடங்கினார்.

ரொறொன்ரோவிலிருந்து தங்கை கல்யாணி போன் எடுத்து அழுதாள். தனக்கு ஒரு வார்த்தை சொல்லவில்லையே என்றாள். அழுகை கொஞ்சம் ஓய்ந்ததும் குரலைத் தாழ்த்தி, “ஆரோட அக்கா?” என்று கேட்டாள்.

இதையெல்லாம் சுசிலா பொறுத்துக்கொண்டாள். ரேடியோ பேட்டியைத்தான் பொறுக்க முடியவில்லை. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் யேசுரட்ணம் தொப்பியும் போட்டுக்கொண்டு ரேடியோ நிலையத்துக்குப் போயிருந்தார். நேயர்கள் ஒவ்வொருவராகப் போன் எடுத்து ஆறுதல் சொன்னார்கள். லூயிஷாமிலிருந்து பேசிய ஒரு பெண், “தனிய இருக்கிறியள், கிழமைக்கு ஒருக்கா நான் இடியப்பம் கொண்டுவந்து தாறன் அண்ணை” என்றாள்.

“பெரிய உதவி” என்றார் யேசுரட்ணம்.

சுசிலா அகப்பையை ஒரு கையிலும் போனை மறு கையிலும் எடுத்தாள்.

“வணக்கம் நேயரே, ஆர் பேசுறது?” என்றாள் அறிவிப்பாளர் துளசி.

“நோர்பரியிலயிருந்து சுசிலா.”

“எந்தச் சுசிலா?”

“போன சுசிலா.”

ரேடியோவில் ஒரு நாற்காலி கிறீச்சிட்டது.

“அக்கா... இப்ப எங்க இருக்கிறியள்?”

“குசினியில. நண்டு அவியுது. உங்களுக்குப் பக்கத்தில இருக்கிறவரின்ர சட்டையைக் காலமை அயன் பண்ணிக் குடுத்ததும் நான்தான்.”

துளசி சிரிப்பை அடக்கப் பார்த்தாள், முடியவில்லை. “அண்ணை, அப்ப ஏன் இப்பிடி எழுதினனீங்கள்?”

யேசுரட்ணம் செருமினார். “இவ நைட் ஷிப்டுக்குப் போனால் வீடு சத்தமில்லாமல் கிடக்கும். குசினியில லைட்டும் எரியாது. எனக்கு... போயிட்ட மாதிரித்தான் இருக்கும்.”

சுசிலாவின் கையில் அகப்பை அப்படியே நின்றது. கல்யாணமான காலத்திலிருந்து இந்த மனுசன் இப்படி ஒரு வார்த்தை அவளிடம் சொன்னதில்லை. சொல்வதற்கு லண்டன் முழுவதும் கேட்கிற இடம்தானா கிடைத்தது! நண்டு அடிப்பிடிக்கிற மணம் வர, அடுப்பை அணைத்துவிட்டுக் கேட்டாள்.

“அப்ப அதையெல்லோ எழுதியிருக்கவேணும்? ஏன் புழுதி றோட்டு?”

கோயில் பாடகர் குழுவில் பாடிய குரல் அவளுடையது. கோபமும் சேர்ந்துகொள்ள, அதே மெட்டில் எடுத்துவிட்டாள்.

‘போகேல்லை சுசிலா போகேல்லை
பஸ்சேறி ஷிப்டுக்குப் போனவள்
விடிய வந்து உன்ர
கோப்பையும் கழுவினவள்...’

அதற்குப் பிறகு ரேடியோ நிலையத்துப் போன் ஓயவில்லை. நைட் ஷிப்ட் செய்கிற பெண்கள் எல்லாம் அவள் பாடியதைத் திரும்பப் போடச் சொல்லி எடுத்தார்கள். இரண்டு பாட்டையும் சேர்த்துப் பதிவுசெய்ய பாஸ்கரன் இருவரையும் வெம்பிளிக்குக் கூப்பிட்டார். சுசிலா ஒரே மூச்சில் பாடி முடித்தாள். யேசுரட்ணம்தான் ஒவ்வொரு முறையும் தன் இடம் வரும்போது அவளைப் பார்த்துக்கொண்டு நின்று தாளத்தைத் தவறவிட்டார்.

அந்தச் சீடி முதலாவதைவிட நன்றாகப் போனது. பாரிஸிலிருந்தும் அழைப்பு வந்தது. அங்கே அடித்த போஸ்டரில் சுசிலாவின் பெயர் மேலே பெரிதாகவும், யேசுரட்ணத்தின் பெயர் ஒரு தொப்பிப் படத்துக்குக் கீழே சின்னதாகவும் இருந்தது.

“பாட்டு எழுதினது நான்” என்றார் அவர்.

“போனது நான்” என்றாள் சுசிலா.

பாரிஸ் போய்ச் சேரும்வரை அவர் தொப்பியை முகத்தில் கவிழ்த்துக்கொண்டு இருந்தார். மேடையிலும் முகத்தை நீட்டிக்கொண்டுதான் கிட்டாரை மீட்டினார். முதல் வரி தொடங்கியதும் மண்டபம் முழுக்கச் சேர்ந்து பாடியது, புழுதி றோட்டையும் விடாமல். யேசுரட்ணம் வாசிப்பதை மறந்து வாயைத் திறந்தபடி நின்றார். சுசிலா பக்கத்தில் நகர்ந்து, மைக்கை அவர் உயரத்துக்குத் தூக்கிவிட்டாள்.

“பாடுங்கோவன்” என்றாள். “சனம் பாத்துக்கொண்டிருக்குது.”