பிங் இருநூற்றைம்பதுக்குக் கீழே

நாலு பக்கமும் கடல் சூழ்ந்த தீவில் பிறந்து வளர்ந்தவன், ஞாயிற்றுக்கிழமை பின்னேரமானால் சைக்கிளை எடுத்துக்கொண்டு ஊர்காவற்றுறைச் சந்திக்குப் போய், கொம்பியூட்டருக்கு முன்னால் குந்தி, இன்னொரு தீவில் கரையொதுங்கிப் பசி கிடப்பான். பெற்ற தாய்க்கு இது விளங்குமா?

"உள்ள தீவில படுற பாடு காணாதெண்டோ அங்கயும் போறாய்?" என்று செபஸ்தியம்மா வாரம் தவறாமல் கேட்பாள். ஜெகதீஸ் வாரம் தவறாமல் சிரித்துவிட்டுப் போவான். கிழமை முழுவதும் தகப்பன் பிலிப்புவோடு நேவிக்குப் பாஸ் காட்டிக் கடலுக்குப் போய்த் திரும்புகிற இருபத்திரண்டு வயதுக்காரன் அவன். சண்டைக் காலம். இத்தனை மணிக்குமேல் கடலில் நிற்கக்கூடாது, இந்த எல்லையைத் தாண்டக்கூடாது என்று ஆயிரம் சட்டம். கொம்பியூட்டருக்குள் இருந்த கடலில்தான் அவனை மறிக்க ஆளில்லை.

விளையாட்டு இதுதான். கப்பல் உடைந்து வெறுங்கையோடு கரைக்கு வருகிறாய். தடி பொறுக்கி, கிழங்கு கிண்டி, மீன் பிடித்து, கொட்டில் கட்டி உயிரோடு இருக்கவேண்டும். உன்னைப் போல வந்த மற்றவர்கள் ஒன்றில் உதவுவார்கள், இல்லையென்றால் அடித்துப் பறிப்பார்கள். உலகத்தில் எங்கெங்கோ இருக்கிற சேர்வர்களில் இந்த விளையாட்டு ஓடும். ஒவ்வொரு சேர்வரும் ஒரு தனித் தீவு. விரும்பியதைப் பட்டியலில் தேடிப் பிடித்து இறங்கவேண்டும்.

ஜெகதீஸ் இறங்கிய தீவுக்கு 'நாரந்தனை' என்று இங்கிலீசு எழுத்தில் பெயர் போட்டிருந்தார்கள். போட்டவன் டினேஷ். இருவரும் நாரந்தனை ஊரில் வேலிக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாக வளர்ந்தவர்கள். ஒரே வள்ளத்தில் ஒளித்திருந்து ஒரே தடியால் அடி வாங்கியவர்கள். 2003இல் டினேஷ் கனடா போனான். பிறகு அங்கேயும் லண்டனிலும் நோர்வேயிலும் இருந்த தீவுப் பெடியன்கள், பெட்டைகளைச் சேர்த்து அந்தச் சேர்வரைத் தொடங்கினான். முதல் நாள் காடு வெட்டியது இரண்டே பேர்: டினேஷும் ஜெகதீசும். கரையில் கோயில் எழுப்பியதும் அவர்கள்தான்.

ஒரு குறை இருந்தது. கனடாவில் இருக்கிற சேர்வருக்கு ஊர்காவற்றுறையிலிருந்து தட்டுகிற ஒவ்வொரு தட்டும் போய்த் திரும்ப நேரம் எடுக்கும். மில்லிசெக்கன் கணக்கில் காட்டுகிற அந்த நேரத்துக்குப் பெயர் பிங். மற்றவர்களுக்கு நாற்பது, எண்பது என்று காட்டுகிற இடத்தில் ஜெகதீசுக்கு அறுநூறு காட்டும். கொள்ளைக்காரர் வருகிற நேரம் விளையாட்டுக்குள் இருக்கிற அவனுடைய ஆள் வாசலில் சிலைபோல நிற்பான். "ஜெகதீஸ் கதவைப் பூட்டி முடியிறதுக்குள்ள கள்ளன் சமைச்சுச் சாப்பிட்டிட்டுப் போயிடுவான்" என்று லண்டன் பெட்டை றஞ்சனி எழுதுவாள். எல்லோரும் சிரிப்பார்கள். அவனும் சிரிப்பான். சொந்தக்காரர் பகிடிதானே.

உண்மையைச் சொன்னால், அவனுக்கு விளையாட்டுப் பெரிதில்லை. கூடப் படித்தவர்களில் பாதிப்பேர் வெளிநாடு. மீதிப்பேர் எங்கே என்று கேட்கக்கூடாத இடம். ஊரில் வாய்விட்டுக் கதைக்க ஒருவன் இல்லை. அவனுக்கு இருந்த ஒரே சிநேகிதன் டினேஷ். அவனோடு இருக்கிற அந்த ஒரு மணித்தியாலத்துக்காகத்தான் மற்ற ஆறு நாளையும் அவன் தள்ளினான்.

2008 தொடக்கத்தில் ஒருநாள் சந்தியில் இருந்த தியாகலிங்கத்தின் கடைக்கு டினேஷ் கோல் எடுத்தான். அந்தக் கடையில்தான் போனில் கோலும் எடுக்கலாம், இன்ரநெற்றும் பார்க்கலாம்.

"சேர்வர் மூடிப்போட்டாங்கள் மச்சான். எல்லாம் அழிஞ்சு போச்சு."

ஜெகதீசுக்கு முதலில் கோயில்தான் நினைவுக்கு வந்தது. "கோயிலும் போச்சோ?"

"எல்லாம்தான். நீ கவலைப்படாதை. புதுசா ஒண்டு பிடி. பட்டியலுக்குக் கீழ பில்டர் எண்டு கிடக்கும், அதைத் திற. பிங் எண்ட இடத்தில இருநூற்றைம்பதுக்குக் கீழ எண்டு போடு. போட்டால் உனக்குக் கிட்ட உள்ள சேர்வர் மட்டும்தான் காட்டும். தூரத்தில உள்ளது ஒண்டும் கண்ணில படாது. அதில ஒண்டில ஏறி வீடு கட்டு. நானும் அங்க வாறன்."

"வருவியோ?"

"வராமல்?"

ஜெகதீஸ் அப்படியே போட்டான். வலைக்கண் மாதிரித்தான் இது என்று உடனே பிடித்துக்கொண்டான்: கண்ணின் அளவைப் பார்த்துப் போட்டால் வேண்டியது நிற்கும், வேண்டாதது போகும். ஆயிரம் சேர்வர் இருந்த பட்டியல் ஏழெட்டாகச் சுருங்கியது. கனடாவில் வேலை செய்து முறிகிற நேரத்திலும் டினேஷ் தன் பிங்கைப் பற்றி யோசித்திருக்கிறானே என்று மனம் குளிர்ந்தது. நல்லவன்தான், வேறு என்ன.

சிங்கப்பூர்ச் சேர்வர் ஒன்றில் ஏறினான். ஒருவர் பேசுகிற பாஷையும் விளங்கவில்லை. தனியனாகக் கொட்டில் கட்டினான். பக்கத்தில் இரண்டு பெட்டி செய்தான். ஒன்றில் தன் பெயர், மற்றதில் டினேஷின் பெயர். நாலு மீன் பிடித்தால் இரண்டு அந்தப் பெட்டிக்குள். இரும்பு கிடைத்தால் பாதி, கயிறு கிடைத்தால் பாதி. அவன் ஊர் மீன்பிடி வள்ளங்களில் அதுதான் முறை. கூட்டாளி காய்ச்சலில் கிடந்தாலும், கொழும்புக்குப் போனாலும், அவன் பங்கு அவன் வீட்டுக்குப் போகும். 'நான் விலகிறன்' என்று அவன் வாயால் கரையில் நின்று சொல்லும்வரை அவன் கூட்டாளிதான். கொம்பியூட்டருக்குள் எவன் இந்த முறை பார்ப்பான்? ஜெகதீஸ் பார்த்தான். வேறு மாதிரிச் செய்ய அவனுக்குத் தெரியாது.

டினேஷ் வரவில்லை. "ரெண்டு சிப்ட் மச்சான், நித்திரைக்கே நேரமில்லை" என்பான். பாவம், என்ன குளிரோ, என்ன பாடோ என்று ஜெகதீஸ் இரங்குவான். மழைக்காலம் வந்தபோது டினேஷின் பெட்டி நிரம்பி வழிந்து, அவனுக்காக மூன்றாவது பெட்டியும் செய்ய வேண்டி வந்தது.

அந்த மழைக்காலத்தில்தான் தியாகலிங்கத்தின் கொம்பியூட்டருக்குள் வைரஸ் புகுந்தது. எல்லாவற்றையும் அழித்துத் திரும்ப ஏற்றினார்.

"உம்மட விளையாட்டும் புதுசா ஏத்தியிருக்கு. பழைய செற்றிங் ஒண்டும் இல்லை. எல்லாத்தையும் நீர்தான் திரும்பப் போடவேணும்" என்றார்.

"ஓம் அண்ணை" என்று குந்தினான் ஜெகதீஸ். பில்டர் வெறுமையாக இருந்ததால் பட்டியல் பெரிய மழை வெள்ளம்போல இறங்கிக்கொண்டிருந்தது. பிங் இருக்கிற கட்டத்தில் இரண்டு, ஐந்து என்று தட்டியவன், பூச்சியத்தைத் தட்டவில்லை. மேலே ஏதோ கண்ணில் பட்டு ஓடிவிட்டது. தட்டிய இரண்டு எண்ணையும் அழித்தான். பெயர் போடுகிற கட்டத்துக்குப் போய் 'நாரந்' வரைக்கும் இங்கிலீசில் எழுதினான். வெள்ளம் வடிந்து ஒரேயொரு வரி நின்றது.

நாரந்தனை. பதினொரு பேர் உள்ளே. பிங் அறுநூற்றுப் பத்து.

யாரோ அதே பெயரில் புதிதாகத் தொடங்கியிருப்பார்கள் என்றுதான் முதலில் நினைத்தான். நம்பினவனுக்குப் புத்தி அப்படித்தான் ஓடும். தன் பழைய பெயரிலேயே உள்ளே போனான். பழைய ஆள் இல்லை, புதிதாகக் கரையொதுங்கினான். ஆனால் கரை அதே கரை. கோயில் அதே கோயில். அவன் வைத்த கோணல் படிக்கட்டும் அப்படியே இருந்தது. ஒன்றும் அழிந்திருக்கவில்லை.

தன் வீட்டைத் தேடிப் போனான். நடுச்சுவரை இடித்து அதை டினேஷின் வீட்டோடு சேர்த்திருந்தார்கள். தன் பெட்டிகள் இருந்த இடத்தில் டினேஷின் பெட்டிகள். சரி, போகட்டும் என்று நினைக்கப் பார்த்தான். நினைக்க முடியவில்லை. திரும்பிக் கோயிலடிக்கு வந்தபோதுதான் சிலுவையைக் கண்டான். கல்லால் கட்டிய சிலுவை. சுற்றிவரப் பூ. முன்னால் ஒரு பலகை.

'எங்கள் ஜெகதீஸ். கடலுக்குப் போனவன் வரவில்லை.'

கடல் தொழில் செய்கிற வீட்டில் அந்தச் சொல் வாயில் வராது. வள்ளம் எவ்வளவு நேரம் பிந்தினாலும் 'பிந்துது' என்பார்களே தவிர, 'வரேல்லை' என்று ஒரு மனுசி சொல்ல மாட்டாள். உண்மையாகவே வராமல் போன ஆளுக்குக்கூட அதைச் சொல்ல மாதக்கணக்காகும். உயிரோடு இருக்கிறவனுக்கு அதைப் பலகையில் எழுதி நட்டிருந்தார்கள். ஜெகதீசின் கை மவுசில் இருந்து தானாக விலகியது.

ஒருத்தி ஓடி வந்தாள். தலைக்கு மேல் றஞ்சனி என்று பெயர்.

"நீங்கள் ஆர்? ஏன் இந்தப் பேர்?" என்று எழுதினாள்.

"நான்தான் ஜெகதீஸ்."

"பகிடி விடாதேங்கோ. அவர் செத்து எட்டு மாசம்."

"நான் ஊர்காவற்றுறையில இருந்து எழுதுறன் றஞ்சனி. நான் சாகேல்லை. ஆர் சொன்னது?"

"டினேஷ்தான் சொன்னவர். அவரைவிட ஆருக்குத் தெரியும்? கனடாவில கோயில்ல ஆத்துமசாந்திப் பூசையும் குடுத்தவை. டினேஷ் முன் வாங்கில இருந்து அழுததை எனக்கு வீடியோவில காட்டினவை. நாங்கள் எல்லாரும் அழுதனாங்கள். செத்த பெடியன்ர பேரில விளையாட உங்களுக்கு வெட்கமில்லையோ?"

பூசை. உயிரோடு இருக்கிறவனுக்குப் பூசை. ஜெகதீஸ் பதில் எழுதத் தொடங்குமுன் டினேஷே வந்து நின்றான். நல்ல கவசமும் வாளும் போட்டிருந்தான்.

"டினேஷ், நான்தான்டா. சொல்லு இவளுக்கு" என்று எழுதினான் ஜெகதீஸ்.

பிறகு பச்சை எழுத்தில் ஒரு வரி வந்தது. அது அவனுக்கு மட்டும் தெரிகிற தனிச் செய்தி.

'மச்சான், தயவு செய்து வெளியால போ. நான் கோல் எடுத்து எல்லாம் சொல்லுறன்.'

"இப்ப சொல்லு" என்று அவனும் தனியாகவே எழுதினான்.

'உன்ர பிங்கால ஒவ்வொரு சண்டையிலயும் நாங்கள் தோத்துக்கொண்டிருந்தம். உன்னை வெளியால கலைக்கச் சொல்லி வோட் எடுத்தாங்கள். ஊர்ப் பெடியனைக் கலைச்சவன் எண்டு நாளைக்கு என்னைச் சொல்லுவாங்கள். எனக்கு வெட்கமாப் போச்சு. வேற வழி தெரியேல்லை.'

"அதுக்கு என்னைச் சாகடிச்சிட்டியோ?"

'உனக்கு மனம் நோகக்கூடாதெண்டுதான் மூடிப்போட்டாங்கள் எண்டு சொன்னனான்.'

"பில்டர்?"

தன் கையாலேயே, நன்றி சொல்லிக்கொண்டு, பழைய சேர்வர் தெரியாமல் தன் கண்ணைத் தானே கட்டிக்கொண்டது ஜெகதீசுக்கு அப்போதுதான் முழுதாக விளங்கியது. ஆத்திரம் தலைக்கேறியது. எல்லோரும் பார்க்கிற இடத்தில் எழுதத் தொடங்கினான்: "உன்ர இடக்காலில உள்ள தழும்பு எப்பிடி வந்ததெண்டு நான் சொல்லட்டோ?" பிங் அறுநூறு. அவன் எழுதியது போய்ச் சேர முன்னரே டினேஷ் எல்லோருக்கும் தெரிய எழுதிவிட்டான்.

'இவன் ஆரோ கள்ளன். ஜெகதீஸ் என்ர உயிர்ச் சிநேகிதன். அவன்ர பேரை ஒருத்தரும் அசிங்கப்படுத்த நான் விடமாட்டன்.'

'நல்ல வேலை டினேஷ்' என்று றஞ்சனி எழுதியதைக் கண்டான். அடுத்த கணம் திரை கறுத்தது. இந்தச் சேர்வரில் இருந்து உங்களை நிரந்தரமாகத் தடை செய்திருக்கிறோம் என்று வெள்ளை எழுத்தில் வந்தது.

தியாகலிங்கம் எட்டிப் பார்த்தார். "என்ன, லைன் விழுந்திட்டுதோ?"

"இல்லை அண்ணை."

கூட இருந்தே குழி பறிப்பார்கள் என்று கேள்விப்பட்டிருக்கிறான். குழியும் பறித்து, மேலே பூவும் போட்டு, பூசையும் வைத்து அழுகிறவனை இன்றைக்குத்தான் கண்டான். கடைக்குள் இரண்டு மூன்று பேர் வெளிநாட்டுக் கோலுக்குக் காத்திருந்தார்கள். அவர்களோடு சுவரோரம் கிடந்த வாங்கில் போய் இருந்தான்.

போன் அடித்தது. தியாகலிங்கம் எடுத்துக் கேட்டுவிட்டு நீட்டினார். "உமக்குத்தான். கனடா."

ஜெகதீஸ் வாங்கினான். டினேஷ் மூச்சு விடாமல் கதைத்தான். கோவிக்காதை என்றான், தனக்கு வேறு வழி இருக்கவில்லை என்றான், ஒரு விளையாட்டுக்காக இருபது வருசச் சிநேகிதத்தை விடுறதோ என்று கேட்டான், வேறு பெயரில் வா, நானே உள்ளே எடுக்கிறேன் என்றான். அவன் களைக்கும்வரை ஜெகதீஸ் கேட்டுக்கொண்டு நின்றான்.

"டினேஷ், ஒண்டு கேக்கிறன். பூசையில நீ உண்மையா அழுதனியோ, இல்லாட்டி சும்மாவோ?"

"உண்மையாத்தான் மச்சான். சத்தியமா. நீ இல்லையெண்டு நினைச்சு உண்மையாவே அழுதனான்."

"அப்ப சரி. செத்தவனுக்குச் செய்யவேண்டியது எல்லாம் முறையாத்தான் முடிஞ்சிருக்கு. இனி இஞ்ச கோல் எடுக்காதை" என்று சொல்லி, போனைக் காத்திருந்த அடுத்த ஆளிடம் கொடுத்தான்.